தராசு இருக்கும் இடத்தில் கேமரா

வேலூர்ப் பக்கம் உழைப்பைப் பற்றி ஆவணப்படம் எடுக்க வருகிறவர்கள் முதலில் எடுப்பது முகத்தை. சுருக்கம் விழுந்த கன்னம், புகையிலைத் தூள் படிந்த விரல், வறண்ட பாலாறு, பின்னால் ஒரு புல்லாங்குழல். அந்தப் படத்தில் வறுமை தெரியும், பொருளாதாரம் தெரியாது. யார் யாருக்கு எவ்வளவு கொடுக்கிறார், எதைக் கழித்துக்கொள்கிறார், என்ன கிழமை கொடுக்கிறார் என்பது தெரியாத வரை அது ஏழை ஒருவரின் உருவப்படம், அவ்வளவுதான்.

பேட்டியும் பின்னணிக் குரலும் இல்லாமல், நடப்பதை ஒதுங்கி நின்று கவனிக்கும் முறையில் படம் எடுப்பவருக்கு இது இன்னும் பெரிய சிக்கல். 1960-களில் தோளில் தூக்கக்கூடிய 16 மி.மீ. கேமராவும், அதோடு ஒத்து ஓடும் நாக்ரா ஒலிப்பதிவுக் கருவியும் வந்த பிறகு வளர்ந்த முறை இது. விளக்கிச் சொல்ல ஆள் இல்லாததால் எல்லாவற்றையும் நிகழ்வே சொல்லியாக வேண்டும். சம்பளம், கடன், கழிவு, லாபம் எதுவும் தானாகக் கண்ணில் படாது. எண்ணும்போதும் நிறுக்கும்போதும் ஒதுக்கித் தள்ளும்போதும் மட்டும் சில நிமிடங்கள் வெளியே தெரியும். அந்த நிமிடங்களில் கேமரா அங்கே இருக்க வேண்டும்.

பீடியை எடுத்துக்கொள்வோம். வேலூர், குடியாத்தம், பேரணாம்பட்டு வட்டாரத்தில் பெண்கள் வீட்டிலேயே பீடி சுற்றுகிறார்கள். இலையை நனைத்து ஈரச் சாக்கில் சுற்றி வைப்பது, தகர அளவை வைத்துக் கத்தரியால் வெட்டுவது, மடியில் முறத்தை வைத்துத் தூளைப் போட்டுச் சுற்றுவது, நூல் கட்டுவது, முனையை மடக்குவது என்று வேலை போகும். புதிதாக வருகிறவர்கள் சுற்றும் விரல்களிலேயே மயங்கி நின்றுவிடுவார்கள். அழகாகத்தான் இருக்கும். ஆனால் விரல்களை அரை மணி நேரம் எடுத்தாலும் படத்துக்கு அரை நிமிடம்தான் தேறும். அந்தப் பெண்ணின் வாழ்க்கையைத் தீர்மானிக்கிற காட்சி, இலையும் தூளும் கொடுத்துப் பீடியை வாங்கிக்கொள்ளும் ஏஜென்ட்டின் வீட்டுத் திண்ணையில் நடக்கிறது.

அங்கே நடப்பது மூன்று. சுற்றிய கட்டுகளைக் கொடுப்பது. 25 பீடி ஒரு கட்டு என்றால் ஆயிரத்துக்கு 40 கட்டு. பிறகு சோதிப்பவர் கட்டை உருட்டி, முனையைக் கட்டைவிரலால் அழுத்திப் பார்த்து, பிடிக்காததை ஒரு பக்கம் எறிவது. கடைசியாக, அடுத்த நாளைக்கான இலையையும் தூளையும் நிறுத்துக் கொடுப்பது. இலை எடைக் கணக்கில் வருகிறது, பீடி எண்ணிக்கைக் கணக்கில் போகிறது. கிழிந்த இலை, ஓட்டை விழுந்த இலை எடையில் சேரும், பீடியில் சேராது. அந்தக் குறையைப் பெண்தான் தன் கைக்காசில் இலை வாங்கி நிரப்ப வேண்டும். இதை யாராவது வாயால் சொன்னால் அது தகவல். அதே காரியத்தை அடுத்தடுத்து மூன்று இடங்களில் பார்க்கக் கிடைத்தால் படம்: திண்ணையில் நிறுக்கும்போது, வீட்டில் வெட்டி முடித்ததும் இலை போதாமல் நிற்கும்போது, கடையில் காசு கொடுத்து இலை வாங்கும்போது. இந்த மூன்றும் ஒரே நாளில் அமையாது. ஆகவே கேமராவில் தேதியும் நேரமும் சரியாக வைத்திருப்பதும், ஒவ்வொரு இரவும் எந்தக் கிளிப்பில் எந்த எடை என்று நோட்டில் எழுதி வைப்பதும் கட்டாயம். ஒரு நாள் நிறுத்த இலையை இன்னொரு நாள் தீர்ந்துபோன இலையோடு எடிட்டிங்கில் ஒட்டினால், பீடி சுற்றுகிற பார்வையாளர் கட்டின் நிறத்தைப் பார்த்தே கண்டுபிடித்துவிடுவார்.

கேமரா நிற்கும் இடம். ஏஜென்ட்டின் முதுகுக்குப் பின்னால் நின்றால் பெண்கள் மட்டும் தெரிவார்கள், பெண்களுக்குப் பின்னால் நின்றால் ஏஜென்ட் வில்லனாகத் தெரிவார். இரண்டும் வேண்டாம். மேசைக்குப் பக்கவாட்டில், தராசும் சோதிக்கிற கையும் கொடுப்பவரின் முகமும் ஒரே பிரேமில் விழும் மூலைதான் சரி. முழு பிரேம் சென்சாரில் 35 மி.மீ. லென்ஸ் ஒன்றரை மீட்டர் தூரத்தில் ஏறக்குறைய ஒன்றரை மீட்டர் அகலத்தைப் பிடிக்கும், அது போதும். பின்புலத்தை மங்கலாக்கும் ஆசையை இங்கே விட்டுவிட வேண்டும். அந்தத் தூரத்தில் லென்ஸின் துளையை எஃப் 2 என்று அகலத் திறந்தால் தெளிவாக விழும் ஆழம் 20 செ.மீ. சொச்சம்தான், தராசு தெளிந்தால் முகம் கலங்கும். எஃப் 5.6-க்குச் சுருக்கினால் 60 செ.மீ. கிடைக்கும், கையும் முகமும் சேர்ந்து நிற்கும். வெட்டாமல் ஓட விடுங்கள். ஒரு பெண் வந்து, கட்டுகளைக் கொடுத்து, கழிவைப் பார்த்து, ஒரு வார்த்தை சொல்லி, இலை வாங்கி, பாஸ்புக்கை இடுப்பில் செருகிப் போகும்வரை ஒரே ஷாட்.

இப்போது பெரும்பாலும் எலக்ட்ரானிக் தராசுதான். சிவப்பு எண்கள் கண்ணுக்குத் தொடர்ந்து எரிவதாகத் தெரிந்தாலும் உண்மையில் மாறி மாறி அணைந்து எரிகின்றன. வெயிலைச் சமாளிக்க ஷட்டரை 1/500-க்கு ஏற்றினால் எண்ணில் பாதி காணாமல் போகும், எடையே தெரியாது. நொடிக்கு 25 பிரேம், 1/50 நொடி ஷட்டர் என்று நிறுத்திவிடுவது நல்லது. நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால் டியூப் லைட் படத்தில் துடிப்பதும் இதிலேயே அடங்கும். 24 பிரேமில் எடுப்பதற்கு இங்கே ஒரு காரணமும் இல்லை. வெளியே வந்தால் ஷட்டரைத் தொடாமல், வெளிச்சத்தை மட்டும் குறைக்கும் என்டி ஃபில்டர் போடுங்கள். ஐஎஸ்ஓ 800, 1/50, எஃப் 4 என்ற கணக்கில் வேலூர் உச்சி வெயிலுக்கு 8 ஸ்டாப் (ஒரு ஸ்டாப் என்றால் வெளிச்சம் பாதியாவது) குறைக்க வேண்டியிருக்கும். திருகித் திருகி அளவை மாற்றும் மலிவான வேரியபிள் ஃபில்டர்களை அந்த அளவுக்குத் திருகினால் படத்தின் நடுவில் குறுக்குக் கோடு போல இருட்டு விழும், ஆகவே 6 ஸ்டாப் நிலையான ஃபில்டர் ஒன்றைப் போட்டு மிச்சத்தை எஃப் 8-க்கு ஏற்றிச் சரிக்கட்டுவது பாதுகாப்பு.

வீட்டுக்குள் கேமராவின் உயரம் எல்லாவற்றையும் மாற்றும். தரையில் உட்கார்ந்து வேலை செய்கிறவரை நின்றபடி எடுத்தால் மேலிருந்து கீழே பார்ப்பதாகிவிடும். தரையிலிருந்து 60, 70 செ.மீ. உயரத்தில், அவர் கண்மட்டத்தில் லென்ஸ் இருக்க வேண்டும். சின்ன முக்காலி ஸ்டாண்டை விட, அரிசி போட்டுக் கட்டிய துணிப்பை ஒன்று போதும். வாசல்படியில் வெளிச்சத்துக்காக உட்கார்ந்திருப்பார்கள், பின்னால் தெரு கொதிக்கும். முகத்துக்கு ஏற்றபடி வெளிச்ச அளவை வையுங்கள், தெரு வெளுத்துப் போனால் போகட்டும். ஃபேனை நிறுத்தச் சொல்ல அநேகமாக அவசியம் வராது, தூள் பறக்கும் என்று அவர்களே நிறுத்தியிருப்பார்கள். மே மாதத்தில் அந்த அறைக்குள் இருக்கும் வெக்கையில் கேமரா சூடேறி அணைந்துவிடும். கேமராவின் திரையை அதன் உடம்பிலிருந்து விரித்து வைத்து, மேலே வெள்ளைத் துணி போட்டு, ஷாட்டுக்கு ஷாட் அணைத்து வைத்தால் கொஞ்சம் தாக்குப்பிடிக்கும்.

ஒலியில்தான் பெரும்பாலான படங்கள் தோற்கின்றன. சிந்தெடிக் புடவை காலர் மைக்கில் சரசரவென்று உரசும். மைக் தலையின் இரு பக்கமும் மருத்துவப் பிளாஸ்திரியை மடித்து ஒட்டி, துணி மேலே உரசாமல் ரவிக்கைக் கழுத்தோரத்தில் பொருத்த வேண்டும். இதைப் பெண் உதவியாளர்தான் செய்ய வேண்டும், ஆகவே குழுவில் பெண் இல்லாமல் இந்தப் படத்துக்குக் கிளம்பவே கூடாது. ஒலியின் உச்சம் மைனஸ் 12 டெசிபலைத் தொட்டால் போதும். ஒவ்வொரு அறையிலும் யாரும் பேசாத ஒரு நிமிட ஒலியைத் தனியாகப் பதிவு செய்யுங்கள், எடிட்டிங்கில் ஒட்டுப்போட அதுதான் உதவும். மைக்கை மாட்டியவர் அதை மறந்துவிடுவார். வீட்டுக்காரரோடு சண்டை போடுவார், பக்கத்து வீட்டுக் கடனைப் பேசுவார், கழிப்பறைக்கும் போவார். அணைக்கும் பொத்தானை முதலில் அவருக்குக் காட்டுங்கள். ஹெட்போன் போட்டிருப்பவர் அந்த நேரத்தில் பதிவை நிறுத்த வேண்டும், பிறகு அழித்துக்கொள்ளலாம் என்பது கதைக்கு ஆகாது.

குடியாத்தத்தில் லுங்கித் தறி, தீப்பெட்டி வேலைகளுக்கும் இதே கணக்குதான்: எண்ணிக் கொடுக்கிற இடத்தைத் தேடுங்கள். தறிச் சத்தத்தில் பேச்சு எடுக்க முயன்று நேரத்தை வீணாக்காதீர்கள். மின்சாரம் போனவுடன் எல்லாரும் வாசலுக்கு வருவார்கள், பேச்சு அங்கே நடக்கும்.

வாரக் கடன் வேறு மாதிரி. குழுக் கடன் வசூல் காலையிலேயே ஏதாவது ஒரு வீட்டு வாசலில் நடக்கும். ஒருவர் கட்டாவிட்டால் மற்றவர்கள் போட்டுக் கட்ட வேண்டும் என்பதுதான் அதன் அச்சாணி. அந்தக் கூட்டத்தைப் படமாக்க வசூலிக்க வருபவர் சம்மதிக்கமாட்டார். உறுப்பினர்கள் எல்லாரும் சம்மதிப்பதும் கஷ்டம். அலைபேசியில் மறைத்து எடுக்கும் யோசனை வரும், வேண்டாம். அந்த அலைபேசி வீடியோ வெளியே வந்தால் அடுத்த கடன் யாருக்கு நிற்கும் என்று நினைத்துப் பாருங்கள். கூட்டத்தை விட வசூல் நாளின் விடியற்காலை நல்ல காட்சி. ஐந்து மணியிலிருந்து ஒரு வீட்டில் உட்காருங்கள். அரிசி டப்பாவுக்குள்ளிருந்து வரும் நூறு ரூபாய், எதிர் வீட்டுக்கு ஓடும் பிள்ளை, போனில் அண்ணனிடம் தாழ்ந்த குரலில் ஒரு பேச்சு, கடைசியில் எண்ணி ரப்பர் பேண்ட் போட்டு வைப்பது. பணம் எங்கிருந்தெல்லாம் சேர்கிறது என்பது அந்த இரண்டு மணி நேரத்தில் தெரிந்துவிடும். பாஸ்புக்கை நெருக்கத்தில் எடுக்காதீர்கள். பெயரும் எண்ணும் பதிந்துவிடும். பிறகு மறைப்பதை விட முதலிலேயே கோணத்தை மாற்றுவது சுலபம்.

தோலுக்கு வருவோம். ஆம்பூர், வாணியம்பாடி, பேரணாம்பட்டு, மேல்விஷாரம், ராணிப்பேட்டை என்று பாலாற்று வட்டாரத்தில் நீளும் இந்தத் தொழிலில் உள்ளே நுழைவதுதான் பாதி வேலை. அனுமதிக் கடிதத்தில் பொதுவாக எழுதினால் பதிலே வராது. எந்தப் பிரிவு, எத்தனை பேர், எத்தனை மணி நேரம், ஏற்றுமதி வாங்குபவரின் பிராண்ட் பெயர் படத்தில் வராது, வேலையை நிறுத்தச் சொல்லமாட்டோம், கூட வரப்போகிற பொறுப்பாளர் யார் என்றெல்லாம் ஒரே பக்கத்தில் எழுதுங்கள். மறுத்தாலும் படம் நின்றுவிடாது. ஷூ கம்பெனிக்குக் கிராமங்களிலிருந்து பெண்களை ஏற்றிவரும் பஸ், டிபன் பாக்ஸ், வீட்டுக்குக் கொண்டுவந்து கையால் தைக்கும் ஷூவின் மேல்பாகம், அதை ஜோடிக் கணக்கில் எண்ணிக் கொடுப்பது எல்லாம் ஆலை மதிலுக்கு வெளியே நடப்பவை.

உள்ளே விட்டால் எச்சரிக்கை தேவை. முடி நீக்கச் சுண்ணாம்போடு சேர்க்கும் சல்ஃபைடு கலந்த கழிவு அமிலத்தோடு சேர்ந்தால் ஹைட்ரஜன் சல்ஃபைடு வாயு கிளம்பும். அழுகிய முட்டை நாற்றம் வரும்வரை நமக்குத் தெரியும். 100 பிபிஎம் (காற்றில் பத்து லட்சத்துக்கு 100 பங்கு) அளவைத் தொடும்போது மூக்கு அந்த நாற்றத்தை உணர்வதையே நிறுத்திவிடும், வாயு போய்விட்டது என்று தோன்றும். குழி, தொட்டி, மூடிய சாக்கடை எதற்குள்ளும் ‘ஒரே ஒரு ஷாட்’ என்று குனியாதீர்கள். அந்த வாயு கேமராவின் செம்பு, வெள்ளித் தொடர்புகளையும் கறுக்கடிக்கும். எடுத்து முடித்த அன்றே பேட்டரி முனைகளைத் துடைத்து, சிலிக்கா ஜெல் போட்ட பெட்டியில் வைக்க வேண்டும். தோலைப் போட்டுச் சுழற்றும் டிரம் ஓடும் கூடத்தில் அடித்தொனி மற்ற எல்லாவற்றையும் விழுங்கும், ரெக்கார்டரில் 100 ஹெர்ட்ஸுக்குக் கீழே வெட்டிவிடுங்கள்.

தோல் ஆலையைப் பகலில் மட்டும் பார்த்தவர்களுக்குத் தெரியாத ஒன்று, இரவில் யார் எங்கே படுக்கிறார்கள் என்பது. 2015 ஜனவரி 31 விடியலுக்கு முன் ராணிப்பேட்டை சிப்காட்டில் பொதுக் கழிவுநீர் சுத்திகரிப்பு நிலையத்தின் தொட்டிச் சுவர் இடிந்து கழிவுச் சேறு பாய்ந்ததில் 10 தொழிலாளர்கள் இறந்தார்கள். அவர்கள் வேலை செய்துகொண்டிருக்கவில்லை, பக்கத்து ஆலையில் தூங்கிக்கொண்டிருந்தார்கள். வெளிமாநிலத்திலிருந்து வந்தவருக்கு ஆலையே வீடாக இருப்பதும் கூலியில் சேர்ந்த சங்கதிதான். அறை வாடகை இல்லாத சம்பளம் என்று அதற்குப் பொருள். படுக்கை விரிக்கும் இடத்தை எடுக்காமல் அந்தச் சம்பளத்தைக் காட்ட முடியாது.

பாலாறு எல்லாரையும் ஏமாற்றும். வெள்ளம் வரும்போதெல்லாம் நுரை பொங்கும், டிவிக்காரர்கள் அன்றே எடுத்துப் போட்டுவிடுவார்கள். நுரைக்கு நாளை கிடையாது. 1996 ஆகஸ்ட் 28 அன்று உச்ச நீதிமன்றம் வேலூர்க் குடிமக்கள் நல அமைப்பு தொடுத்த வழக்கில், வடஆற்காடு அம்பேத்கர் மாவட்டம் (வேலூர்ப் பகுதியின் அன்றைய பெயர்) உட்பட ஐந்து மாவட்டங்களின் தோல் ஆலைகள் ஒவ்வொன்றுக்கும் 10,000 ரூபாய் அபராதம் விதித்தது. மாசுபடுத்துபவரே ஈடுகட்ட வேண்டும் என்ற கோட்பாடு நாட்டின் சட்டத்தில் அழுத்தமாக ஊன்றியது அந்தத் தீர்ப்பில்தான். 2025 ஜனவரியில் மறுபடி ஒரு தீர்ப்பு, மறுபடி இழப்பீட்டுப் பேச்சு. ஆக ஒரு தலைமுறைக்கு மேல் ஓடும் கதை இது. அதை ஒரு மழைநாள் நுரையில் அடக்க முடியாது.

தண்ணீரின் விலை கண்ணுக்குத் தெரியும் இடம் போர்வெல் வண்டி. அடிக்கு இவ்வளவு என்று பேசுவார்கள், ஆழம் போகப் போக நூறு அடிக்கு ஒரு தரம் அந்த விலை ஏறும். இரவில் வண்டி விளக்கு வெளிச்சத்தில் நிலத்துக்காரர் இறங்கும் ராடுகளை எண்ணிக்கொண்டே நிற்பார், ஒவ்வொரு ராடுக்கும் கையிலிருக்கும் காசு குறையும். பேட்டியே வேண்டாம், அவர் உதடு அசைவது போதும். காற்று எந்தப் பக்கமிருந்து வருகிறதோ அந்தப் பக்கம் நில்லுங்கள். பாறைப் பொடி முதலில் வெள்ளையாகப் பறக்கும், ஈரம் கண்டால் சேறாகத் தெறிக்கும். லென்ஸுக்கு முன் ஒரு சாதாரண யுவி கண்ணாடி போட்டிருந்தால் அதைக் கழற்றி எறிந்துவிட்டுத் தொடரலாம். கம்ப்ரஸர் அலறலில் பேச்சு கிடைக்காது. வண்டி நின்ற அடுத்த ஐந்து நிமிடம்தான் ஒலிக்கு உயிர், அப்போது எல்லாரும் காது அடைத்தாற்போல உரக்கப் பேசுவார்கள். கணக்குத் தீர்ப்பதும் அப்போதுதான்.

அலுவலகக் காகிதம் தேடுகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. 1989-க்கு முந்தைய ஆவணங்கள் பழைய வடஆற்காடு மாவட்டத்தின் பெயரில் இருக்கும், திருவண்ணாமலையும் அதில் சேர்த்தி. 2019-ல் வேலூர் மூன்றாகப் பிரிந்ததால் ஆம்பூர், வாணியம்பாடிக்குத் திருப்பத்தூர் ஆட்சியர், ஆற்காடு, மேல்விஷாரத்துக்கு ராணிப்பேட்டை ஆட்சியர், குடியாத்தம், பேரணாம்பட்டுக்கு வேலூர் ஆட்சியர். தகவல் உரிமை மனுவை எந்த அலுவலகத்துக்கு அனுப்புவது என்று பார்க்காமல் போட்டால் மாதக்கணக்கில் அலையும். காட்பாடி சந்திப்பில் படம் எடுக்க ரயில்வேயிடம் தனி அனுமதி வேண்டும்.

மொழியும் வேண்டும். பேரணாம்பட்டு, மேல்விஷாரம் வீடுகளுக்குள் பேச்சு தக்கினி உருது, ஆந்திர எல்லையோரம் தெலுங்கு. தமிழில் கேட்டால் தமிழில் பதில் சொல்வார்கள், ஆனால் கணக்குச் சண்டை தாய்மொழியில்தான் நடக்கும். கூட இருப்பவர் அன்று இரவே அதைக் கேட்டு எழுதித் தராவிட்டால் எது முக்கியமான ஷாட் என்றே தெரியாமல் அடுத்த நாள் போய் நிற்பீர்கள்.

மக்களிடம் சம்பளம் எவ்வளவு என்று கேட்காதீர்கள். யூடியூப் மைக்குகள் கேட்டுக் கேட்டு அதற்கென்று ஒரு பதில் தயாராகிவிட்டது. கேட்ட மாத்திரத்தில் அழுகையும் மனுக் குரலும் வரும். கேமரா வந்தால் உதவி வரும் என்ற நம்பிக்கையும் சேர்ந்துகொள்ளும். முதல் நாளே, ‘இதனால வீடோ லோனோ கிடைக்காதும்மா’ என்று நேராகச் சொல்லிவிடுவது மரியாதை. சொன்ன பிறகும் உட்கார்ந்திருந்தால், ‘இன்னாப்பா, இன்னும் புடிச்சினே கீறியா, கை வலிக்கல?’ என்று கேட்கும் கட்டம் வரும். அலுத்துப் போய்விட்டார்கள் என்று அர்த்தம், இனி எடுப்பதெல்லாம் படத்துக்கு உதவும். எதையும் திரும்பச் செய்யச் சொல்லாதீர்கள். ஒரு தரம் கட்டைத் திரும்ப எண்ணச் சொன்னால் அதன் பிறகு எண்ணுவதெல்லாம் உங்களுக்காக எண்ணுவதாகிவிடும்.

காசு கொடுக்கலாமா என்ற கேள்விக்குச் சுத்தவாதிகள் கூடாது என்பார்கள். நம்மால் ஒருவருக்கு இருநூறு பீடி குறைந்தால் அந்தக் கூலியை நாம்தான் தர வேண்டும். ஷாட்டுக்கு இவ்வளவு என்று அல்லாமல் குறைந்த வேலைக்கு இவ்வளவு என்று, எல்லாருக்கும் ஒரே கணக்கில், அந்தந்த வாரக் கடைசியில். கையெழுத்துப் படிவம் பயமுறுத்தும். எங்கே காட்டப்போகிறோம், ஏஜென்ட்டும் சொந்தக்காரரும் பார்க்க நேரும், எந்தத் தேதிவரை வேண்டாம் என்று சொல்லலாம் ஆகிய மூன்றையும் அவர் மொழியில் பேசி, சம்மதத்தை வீடியோவிலேயே பதிந்துகொள்ளுங்கள். ஏஜென்ட்டிடமும் அதே சம்மதம் வாங்க வேண்டும். அவரும் மேலே ஒருவருக்குக் கணக்குச் சொல்கிறவர்தான்.

4கே, நொடிக்கு 100 மெகாபிட் என்றால் மணிக்கு 45 ஜிபி. ஒரு மணி நேரப் படத்துக்கு 40 மணி நேரம் எடுத்தால் 1.8 டிபி, இரண்டு பிரதி வைத்தால் 3.6 டிபி. இரண்டு டிஸ்க்கையும் ஒரே பையில் வைத்துக்கொண்டு பஸ்ஸில் போகாதீர்கள்.

எடிட்டிங்கில் முதலில் எண்ணும் காட்சிகளை மட்டும் தேதி வரிசையில் ஒட்டிப் பாருங்கள். அந்த இருபது, முப்பது நிமிடத்திலேயே படத்தின் எலும்பு தெரிந்துவிடும், மற்றதெல்லாம் அதன் மேல் சதை. பொது அரங்கில் திரையிட 1952-ஆம் வருட ஒளிப்பதிவுச் சட்டப்படி தணிக்கைச் சான்றிதழ் தேவை. அதற்கு முன்பே, முதலில் தொகுத்த வடிவத்தைப் படத்தில் இருப்பவர்களுக்கு அவர்கள் வீட்டிலேயே, வெளியாள் இல்லாமல், லேப்டாப்பில் போட்டுக் காட்டுங்கள். நல்லா இருக்குது என்று சொல்வார்கள், அதை நம்ப வேண்டாம். எந்த இடத்தில் ஒருவரையொருவர் திரும்பிப் பார்த்துக்கொள்கிறார்கள் என்று நேரத்தோடு குறித்துக்கொண்டு, மறுநாள் ஒவ்வொருவரிடமும் தனியாகக் கேளுங்கள். சுவரில் தெரியும் ஏஜென்ட் பெயர், பின்னால் கேட்ட ஒரு கடன் தொகை, பிள்ளையின் பள்ளிச் சீருடை இப்படி ஏதாவது ஒன்று அங்கே இருக்கும். அந்த ஷாட்டை எடுத்துவிட்டு மறுபடி காட்டி, சரி என்ற பிறகு ஒலி மிக்ஸிங்குக்கு அனுப்பலாம்.